சனிக்கிழமை மதகு

காலை ஏழு மணிக்குக் கூலாயிலிருந்து காரை எடுத்தேன். என்னோடு தொழிற்சாலையில் வேலை பார்க்கும் ஸ்டெல்லா, பத்து பாகாட் கடலோரத்தில் இருக்கும் தன் அப்பா அம்மா இருவரையும் கையோடு அழைத்து வரச் சொல்லியிருந்தாள். சனிக்கிழமையானாலும் அவளுக்கு ஷிப்ட். "அப்பா மசிய மாட்டாரு, நீங்க பேசிப் பாருங்கண்ணே" என்றாள். பேச்சில் நான் கெட்டிக்காரன் என்று யாரோ அவளிடம் தப்பாகச் சொல்லியிருக்கிறார்கள்.

ஆயர் ஈத்தாம் வரை ஏறக்குறைய அறுபது கிலோமீட்டர். அங்கே இரண்டு ரிங்கிட்டுக்கு நுரைக்க ஆற்றிய தே தாரிக் டீ, பாதி சீனி. பத்து பாகாட்டைத் தாண்டியதும் எண்ணெய்க்குப் போட்ட செம்பனை, கால்வாய், மறுபடி செம்பனை.

ஒன்பதரைக்குச் சேர்ந்தேன். சுற்றுவட்டாரத்தில் இந்த ஊரைச் 'சனிக்கிழமைக் கம்பம்', அதாவது சனிக்கிழமைக் கிராமம், என்கிறார்கள். பாக்தாத்திலிருந்து சிங்கப்பூர் வழியாக வந்த சில யூதக் குடும்பங்கள், கடலுக்குக் கரை கட்டி, சதுப்பை வடித்து, தென்னையும் காய்கறியும் போட்ட ஊர். கூலிக்கு வந்தவர்கள் நம்மவர்கள். உலகப் போருக்குப் பின் யூதர்கள் போய்விட, நிலம் நம்மவர்கள் கைக்கு வந்தது. கூடவே அவர்களுடைய ஓய்வுநாள் பழக்கமும் வந்தது: சனிக்கிழமை யாரும் மண்வெட்டியைத் தொடுவதில்லை. மறுநாள் மாதா கோயில். அரசாங்க ஆபீசுக்கு முன்பே இவர்களுக்கு வாரம் இரண்டு நாள் லீவு!

இப்போது ஒரே வீடுதான். தென்னைகள் கருகி நின்றன. மண்ணில் உப்புப் பூத்திருந்தது. ஸ்டெல்லாவின் அம்மா பிலோமினா இரண்டு பைகளைக் கட்டி வைத்திருந்தார். அப்பா சூசை மதகடியில் இருந்தார்.

நடந்ததை அவரே சொன்னார். போன வருஷம் பெருமழை. தேங்கிய நீர் வடியட்டும் என்று வெள்ளிக்கிழமை மாலை மதகைத் திறந்து வைத்தார். மறுநாள் கடல் ஏறியது. சனிக்கிழமை என்று அவர் மதகைத் தொடவில்லை. ஊரே உப்பில் மூழ்கியது.

"மூணு மாசம் கழிச்சி அந்த யூதக்காரங்க பேத்தி ஒண்ணு சிட்னிலேர்ந்து ஒரு பழைய போட்டோ கொண்டாந்துச்சு. இதே மதகு. எங்க தாத்தா நிக்கிறாரு. 'சனிக்கிழம எங்காளுங்க தொட மாட்டாங்க, அன்னிக்கு இவருதான் மதகுக்குப் பொறுப்பு'ன்னு சொல்லுச்சு. சும்மா இருக்கணும்னு வச்சது அவங்களுக்குத் தம்பி. அன்னிக்கு அடைக்க வேண்டிய ஆளே நாங்கதான்."

கருகிய தென்னைகளைத் திரும்பிப் பார்த்தேன். பிறகு, "இப்ப கரைக்கு உள்ள என்ன அங்கிள் இருக்கு, காப்பாத்த?" என்று கேட்டுத் தொலைத்தேன்.

"ஒண்ணுமில்ல. சனிக்கிழம அடைக்கணும்லா."

அரைமணி நேரம் கெஞ்சினேன். அவர் கடலையே பார்த்துக்கொண்டிருந்தார்.

பதினொன்றரைக்கு பிலோமினா ஆண்ட்டி ஒரு பையை மட்டும் தூக்கிக்கொண்டு காரில் ஏறினார். "எனக்கு முடியல தம்பி, போலாம்" என்றார்.

பத்து பாகாட்டைத் தாண்டும்போது மணி கேட்டார். பன்னிரண்டரை என்றேன்.

"தண்ணி ஏறியிருக்கும். அடைச்சிருப்பாரு" என்றார். அப்புறம் கூலாய் வரும்வரை அழுதார்.