அர்லீதா வைத்த முதல் தட்டு

என் தங்கை அர்லீதா வீட்டில் கோழி சமைக்க மாட்டாள். ஞாயிற்றுக்கிழமை பாஸ்டர் சாப்பிட வருகிறார் என்றால் எங்கள் ஜார்ஜியா பக்கத்தில் கோழி பொரித்தே ஆகவேண்டும். பொரிக்காத வீட்டைப் பற்றித் திங்கட்கிழமை ஊரே பேசும். அர்லீதாவைப் பற்றிப் பதினாறு வருஷமாகப் பேசிக்கொண்டுதான் இருக்கிறார்கள். அவள் கோழி ஆலையில் எலும்பெடுக்கும் வரிசையில் நிற்கிறவள். "வாரம் ஆறு நாள் அதுங்கள அறுக்கிறேன், ஏழாவது நாளும் வீட்டுக்குக் கூட்டிட்டு வரணுமா?" என்பாள். காலையில் வெந்நீரில் ஊறவைத்தால்தான் அவள் விரல்கள் மடங்கும். அந்த விரல்களை வைத்துக்கொண்டு மகள் ரெனிட்டாவைத் தனி ஆளாக வளர்த்துவிட்டாள்.

எண்பத்தேழாம் வருஷம் ஜூன் மாதம் பாஸ்டர் கிட்ரெலுக்குச் சாப்பாடு போடும் முறை அவளுக்கு வந்தது. வந்த நேரம்தான் சரியில்லை. பத்தொன்பது வயது ரெனிட்டாவுக்கு அப்போது ஐந்து மாதம். கல்யாணம் ஆகவில்லை. பிள்ளைக்குத் தகப்பன், சர்ச் நிர்வாகம் பார்க்கிற டீக்கனுடைய மகன் கார்னெல் என்று எல்லாருக்கும் தெரியும். அவன் வாராவாரம் சர்ச்சில் ஒன்றும் நடக்காதது போல ஆர்கன் வாசித்துக்கொண்டிருந்தான். எங்கள் சர்ச்சில் ஒரு வழக்கம் உண்டு: இப்படி வயிற்றில் வாங்கிய பெண் சபைக்கு முன்னால் எழுந்து நின்று மன்னிப்புக் கேட்க வேண்டும். பையன் கேட்க வேண்டியதில்லை. கேட்க மறுத்தால் சபைப் பதிவேட்டில் அவள் பெயரை அடித்துவிடுவார்கள். பதிவேட்டில் பெயர் இல்லாதவளுக்குக் கடைத்தெருவில் வணக்கம் சொல்ல ஆள் இருக்காது, செத்தால் எங்கள் அம்மா படுத்திருக்கிற கல்லறைத் தோட்டத்தில் இடமும் இருக்காது.

ரெனிட்டாவுக்கு அடுத்த ஞாயிறு என்று நாள் குறித்திருந்தார்கள். அவள் முடியவே முடியாது என்றாள். ஒரு வாரமாக ஒழுங்காகச் சாப்பிடவும் இல்லை.

ஒத்தாசைக்கு நான் போனபோது அர்லீதா நான்கு மாட்டிறைச்சி ஸ்டேக் துண்டுகளில் உப்பும் மிளகும் தேய்த்துக்கொண்டிருந்தாள். மூன்று சாதாரணத் துண்டு. ஒன்று மட்டும் உள்ளங்கையைவிடப் பெரிது, இரண்டு விரல் தடிமன்.

"பாஸ்டருக்கா இது?" என்றேன்.

"நீ குருணையக் கிண்டு. கட்டி தட்டினா உன் தலையில கொட்டுவேன்."

மக்காச்சோளக் குருணையில் பாலை விட்டுவிட்டுக் கிண்டினேன். எங்களுக்கு அது கிரிட்ஸ். முக்கால் மணி நேரம் கரண்டியை விடக்கூடாது, கடைசியில் வெண்ணெய் போட்டால் பாயசப் பதத்தில் வழுக்கிக்கொண்டு விழ வேண்டும். அவள் இரும்பு வாணலியைப் புகை வரும்வரை காயவிட்டு இறைச்சியைப் போட்டாள். அதை நோண்டவே இல்லை. ஒரே ஒரு தடவை திருப்பினாள். எடுத்து ஓரமாக வைத்துவிட்டு, அதே கொழுப்பில் சிவப்புக் குடமிளகாயும் பச்சைக் குடமிளகாயும் வெங்காயமும் நீளநீளமாக அரிந்து கொட்டினாள். அந்த வாசனைக்கு ரெனிட்டா தானாகவே எழுந்து வந்து வாசற்படியில் நின்றாள். வாரத்தில் முதல் தடவையாக அந்தப் பெண்ணுடைய முகத்தில் பசி தெரிந்தது. அர்லீதா அதைப் பார்த்தாள். நான் அவளைப் பார்த்தேன்.

பாஸ்டர் வந்து மேஜையின் தலைப்பக்கத்தில் உட்கார்ந்தார். ஜெபம் ஆரம்பித்தார். மனிதர் நல்லவர்தான், நோயாளி வீட்டுக்கு மழையிலும் போவார். ஆனால் ஜெபம் என்று வாயைத் திறந்தால் கிரிட்ஸ் ஆறிக் கட்டியாகிவிடும். மழைக்கு நன்றி, அரசாங்கத்துக்குப் புத்தி என்று போய், "இந்த வீட்டிலே விழுந்துபோன பிள்ளை அடுத்த வாரம் எழுந்து நின்னு தன் வெட்கத்தை அறிக்கை பண்ண கிருபை தாரும்" என்று முடித்தார். ரெனிட்டா ஆமென் சொல்லவில்லை.

பாஸ்டர் தட்டு நிரம்பாமல் யாரும் முள்கரண்டியைத் தொட மாட்டோம். முதல் தட்டு அவருக்கு, பெரிய துண்டும் அவருக்கு. எனக்கு நினைவு தெரிந்த நாளாக அப்படித்தான். அவர் கையைத் துடைத்துக்கொண்டு தயாராக இருந்தார். அர்லீதா ஒரு தட்டில் கிரிட்ஸை ஊற்றி, அந்தப் பெரிய துண்டை மேலே வைத்து, குடமிளகாயை அள்ளிப் போட்டு, அவர் மூக்குக்கு முன்னாலேயே தாண்டிக் கொண்டுபோய் ரெனிட்டா முன்னால் வைத்தாள்.

பாஸ்டர் சிரித்தார். "சகோதரி, தட்டு வழி தவறிப் போச்சு போல."

"சரியாத்தான் போயிருக்கு ஐயா. ரெண்டு உசிருக்குச் சாப்பிடறவ முதல்ல சாப்பிடட்டும். நீ சாப்பிடுடி."

ரெனிட்டா அம்மாவைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். பிறகு கத்தியை எடுத்தாள்.

பாஸ்டர் முகம் மாறியது. "பிள்ளைக்கு நீ கத்துக்குடுக்கறது இதுதானா? அவ நிக்கலேன்னா பேரை அடிக்க வேண்டியதுதான். நான் வச்ச சட்டம் இல்ல இது."

"தெரியும், உங்களுக்கு முன்னாடி இருந்தவர் வச்சது. இவ என் வயித்துல இருந்தப்ப நான் அங்கே நின்னேன் ஐயா. எல்லார் முன்னாடியும் மன்னிப்புக் கேட்டேன். என் கூடப் பிறந்த அக்காவே தலையத் தூக்கிப் பாக்கல." என் பக்கம் திரும்பவில்லை, அவரிடமே சொன்னாள். "இந்தப் பொண்ணு பிறந்ததுக்கா நான் மன்னிப்புக் கேட்டேன்னு இருபது வருஷமா நினைச்சு நினைச்சு வெந்துட்டேன். இவள நிக்க விடமாட்டேன். பேரை அடிக்கணும்னா என் பேரையும் சேத்து அடிங்க."

ரெனிட்டா மெல்வதை நிறுத்திவிட்டாள். இந்தக் கதை அவளுக்குத் தெரியாது. எங்கள் வீட்டில் யாரும் சொன்னதில்லை. எனக்கு வெட்கத்தில் காது சுட்டது. அன்றைக்கு நான் இரண்டாவது வரிசையில் உட்கார்ந்து, அம்மா திட்டுவாளே என்று பாட்டுப் புத்தகத்தையே வெறித்துக்கொண்டிருந்தேன். என் தங்கை அங்கே தனியாக நின்று நடுங்கியது எனக்கு நன்றாகவே தெரியும்.

பாஸ்டர் என் பக்கம் திரும்பினார். நான் சர்ச் சமையலறைக்குத் தலைவி. சபையின் மூத்த பெண்களுக்குரிய வெள்ளை உடுத்தி முன்வரிசையில் உட்காருகிறவள். "சகோதரி வெர்டி, நீங்க பெரியவங்க. உங்க தங்கச்சிக்கு நீங்களாவது எடுத்துச் சொல்லுங்க."

அவர் கேட்டது ஒரு விதத்தில் நல்லதாகப் போயிற்று. கேட்காமல் விட்டிருந்தால் நான் மறுபடியும் சும்மாதான் உட்கார்ந்திருப்பேன்.

"பதிவேட்டுல அவ பேருக்கு மேலதான் ஐயா என் பேரு இருக்கு," என்றேன். "அங்கேயிருந்தே அடிச்சுக்கிட்டு வாங்க."

குரல் நடுங்கிற்று. நடுங்கட்டும் என்று, பாஸ்டரின் தட்டு இன்னும் காலியாக இருக்கும்போதே என் தட்டை எடுத்துத் தங்கையிடம் நீட்டினேன்.