பெட்டிக்குள் அத்தான்

போன கிழமை பசறை பஸ்ஸில் பக்கத்திலிருந்த பெண் போனில் ஊமைப்படம் ஒன்று பார்த்துக்கொண்டு வந்தாள். டிக்கெட் இல்லாமல் கப்பலேறியவன் ஒரு பெட்டிக்குள் ஒளிகிறான். தலையை நீட்டுவான், கேப்டன் திரும்புவார், தலை உள்ளே போய்விடும். அவள் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தாள். நான் இறங்க வேண்டிய இடத்துக்கு முன்பே இறங்கிவிட்டேன். மழை வேறு.

அப்படியொரு படத்தை அந்தக் காலத்தில் எங்கள் தேயிலைத் தோட்டத்திலும் காட்டினார்கள். வேலைக்குப் பேர் கூப்பிடும் பெரட்டுக்களத்தில் வேட்டியைத் திரையாகக் கட்டி. கொக்கிப்புழு பற்றிய சுகாதாரப் படம் காட்டத்தான் வண்டி வந்தது. கூட்டம் சேர்க்க இதை முதலில் போட்டார்கள். சிரித்துச் சிரித்து வயிறு வலித்தவர்களில் நான்தான் முதல் ஆள். அக்கா புருஷனும் சிரித்தார்.

"அவன் கப்பல்ல போறதுக்கு ஒளியிறான். நான் போகாம இருக்க ஒளியணும்" என்றார்.

கல்யாணத்துக்கு முன்னால் அவருடைய அப்பா குடும்பத்தோடு இந்தியாவுக்குப் போவதாக எழுதிக் கொடுத்துவிட்டார். அத்தானுக்கு இந்தியப் பாஸ்போர்ட் வந்தது. அக்காவுக்கும் குழந்தை செல்விக்கும் இலங்கைப் பிரஜாவுரிமை. அத்தான் போக வேண்டிய தவணை தாண்டியிருந்தது.

நான் அப்போது பிள்ளைக்காம்பராவில் ஆயா. தாய்மார் கொழுந்தெடுக்கப் போகும்போது பிள்ளைகளை எங்களிடம் விட்டுப் போவார்கள். பால்மாவும் மூத்திரத்துணியும் கலந்த அந்த வாடை இன்னும் மூக்கில் இருக்கிறது. ஒரு காலை, போலீஸ் ஜீப் வருகிறதென்று, தேயிலைச் செடி வெட்டிக்கொண்டிருந்த அத்தான் கவ்வாத்து மலையிலிருந்து ஓடிவந்தார். பெரிய மூளைக்காரி நான், துணி போடும் மரப்பெட்டியைத் திறந்தேன்.

"அந்தப் படத்துல வந்த மாதிரி குந்துங்க அத்தான்."

போலீஸ்காரர்கள் இருவர் வந்தார்கள். இல்லை என்றேன். நம்பி வாசலைத் தாண்டிவிட்டார்கள். போய்விட்டார்களா என்று பார்க்க அத்தான் மூடியைத் தூக்கித் தலையை நீட்டினார். செல்வி கைதட்டிச் சிரித்தாள். "அப்பா! இன்னொருக்கா!" மற்றப் பிள்ளைகளும் சேர்ந்து சிரித்தார்கள்.

போனவர்கள் திரும்பி வந்தார்கள்.

சட்டை மாற்றக்கூட விடவில்லை. பதுளையில் ரயிலேற்றி, தலைமன்னாரில் கப்பலேற்றினார்கள். அக்கரையில் மண்டபம் முகாமிலிருந்து ஒரே ஒரு கடிதம் வந்தது. அதன் பிறகு ஒன்றும் இல்லை. அக்கா தபாலுக்குக் காத்திருந்தே போய்ச் சேர்ந்தாள். பிள்ளைக்காம்பராவை இடித்துவிட்டார்கள். அந்தக் கப்பலும் ஓடுவதில்லை.

செல்வி இப்போது பதுளையில் டீச்சர். வரும்போதெல்லாம் சொல்வாள்: "அப்பாவப் பத்தி எனக்கு ஒரே ஒரு ஞாபகந்தான் சித்தி. பெட்டியில இருந்து தலைய நீட்டி என்னைய சிரிக்க வச்சாரு."

"ஆமாம்மா, ஒங்கப்பா வெளையாட்டுக்காரரு" என்பேன்.