அத்தான் பேசிய ஒரே காட்சி

பன்னிரண்டு வருடமாக டிவி சீரியல்களில் நடிக்கிறேன். டாக்டர், வக்கீல், பேங்க் மேனேஜர், மாப்பிள்ளைக்குப் பெரியப்பா. இரண்டு எபிசோடு வருவேன், ஒரு கெட்ட செய்தியைச் சொல்வேன், போய்விடுவேன். தென்காசியிலிருந்து சென்னைக்குப் போன புதிதில் என் பேச்சைக் கேட்டு ஒரு உதவி இயக்குநர் சிரித்தார். அன்றிலிருந்து ஒரு வருடம் கண்ணாடி முன்னால் நின்று ஊர்ப் பேச்சை மறந்தேன்.

போன சாரல் சீசனில் எங்கள் யூனிட் குற்றாலம் வந்தது. ஓடிப்போன பெண்ணைத் தேடி வரும் குடும்பத்தில் நான் சித்தப்பா. அக்கா வீட்டுக்காரர் ஐந்தருவி ரோட்டில் லாட்ஜ் நடத்துகிறார். அங்கேயே எடுக்க ஏற்பாடு செய்தது நான்தான். லாட்ஜ்காரராக நடிக்க வேண்டியவர் வந்த பஸ் ஆலங்குளத்தில் பழுதாகி நின்றுவிட்டது. டைரக்டர் அத்தானைப் பார்த்து, "நீங்களே சொல்லிடுங்க சார்" என்றார்.

'அந்தப் பெண் இங்கே வரவில்லை.' அவ்வளவுதான் வசனம். அத்தான் எங்களை ஏற இறங்கப் பார்த்தார்.

"அந்தப் புள்ள இங்கன வரலய்யா. வந்திருந்தாலும் ஒங்ககிட்ட சொல்லிருவனாக்கும்? எதுக்கு ஓடுச்சுன்னு மொதல்ல யோசிங்க."

டைரக்டர் 'கட்' சொல்லவே மறந்துபோனார். லைட்மேன்கள் கைதட்டினார்கள். பன்னிரண்டு வருடத்தில் எனக்கு யாரும் தட்டியதில்லை. நானும் தட்டினேன்.

அது ஒளிபரப்பானதும் அக்கா போன் செய்தாள். "சுரண்டைக்குப் போனாக்கூட லாட்ஜ் அண்ணாச்சின்னு கூப்பிடுதாவ!" அதே காட்சியில் என் முதுகு மட்டும் தெரிந்தது. அதை அவள் சொல்லவில்லை.

மறுவாரம் டைரக்டர் என்னை அழைத்தார். "உங்க அத்தான் கேரக்டரை இன்னும் இருபது எபிசோடு கொண்டுபோறோம். சென்னைக்கு வருவாரான்னு கேட்டுச் சொல்லுங்க."

"கேமரான்னாலே அவருக்குப் பயம் சார். அன்னிக்கே படபடப்பு வந்து படுத்துட்டாரு."

யோசிக்காமலே அந்தப் பொய் வந்தது. போனை வைத்துவிட்டு அத்தானின் வசனத்தை நானே சத்தமாகச் சொல்லிப் பார்த்தேன். ஊர்க்காரனாக நடிக்கிற ஒருவனின் குரல்தான் கேட்டது.

பொங்கலுக்கு ஊருக்குப் போயிருந்தேன். லாட்ஜ் கவுண்டரில் நாங்கள் இருவர் மட்டும் இருந்தபோது அத்தான் மெல்லக் கேட்டார்.

"மாப்ளே, அந்த டைரக்டர் அப்புறம் என்னப் பத்தி எதும் கேட்டாரா?"

"இல்ல அத்தான்."

"சரியாப் பண்ணலையோ என்னமோ." மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "ஒங்கிட்டக் கொஞ்சம் கத்துக்கிட்டுச் செஞ்சிருக்கணும்."

உண்மை வாய்வரை வந்தது. அதற்குள் மாடியிலிருந்து இறங்கி வந்த ஒரு குடும்பம், "நீங்க சீரியல்ல வந்தவருதானே?" என்று அவரைச் சூழ்ந்துகொண்டது. படம் எடுக்கச் சொல்லிப் போனை என் கையில் கொடுத்தார்கள். அத்தான் கூச்சத்தோடு சிரித்தார். எடுத்துக் கொடுத்தேன்.

அவரிடம் இன்னும் சொல்லவில்லை.