ஹிப்னாடிஸ்ட் கேட்ட கேள்வி

சென்ற வாரம் கள்ளக்குறிச்சி பஸ் ஸ்டாண்டில் ஒருவர் என் மீது மோதிவிட்டார். கோபமாகத் திரும்பினால்... ஆரோக்கியசாமி! கல்வராயன் மலைப் பள்ளியில் என்னோடு வேலை பார்த்த கணக்கு வாத்தியார்.

"இன்னா சார், கோச்சிக்கினீங்களா? இந்தப் பக்கம் கண்ணு தெரியல" என்றார் சிரித்தபடி.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. காரணம் இருக்கிறது.

தினமும் பஸ்ஸில் மலையேறிய காலத்தில், கொண்டை ஊசி வளைவு என்றாலே எனக்குக் கைகால் உதறும். ஒரு ஹிப்னாடிஸ்ட்டிடம் போனேன். நாற்காலியில் சாயவைத்து மெதுவாகப் பேசினார். நாலே வாரம் - ஜன்னலோரம் உட்கார்ந்து பள்ளத்தைப் பார்த்துக்கொண்டே போனேன்!

குணமானவன் சும்மா இருப்பானா? பார்ப்பவர்களுக்கெல்லாம் சிபாரிசு செய்தேன்.

ஆரோக்கியசாமிக்கு அப்போது ஓயாத தலைவலி. "இடது பக்கம்தான் ஜாஸ்தி சார். கண்ணுக்குப் பின்னாடி புடிச்சி இழுக்குது" என்பார். டென்ஷன்தான் என்று நானே முடிவு கட்டி, ஒரு சனிக்கிழமை அவரை அழைத்துப்போனேன்.

ஹிப்னாடிஸ்ட் முதலில் கேட்டது இதைத்தான். "டாக்டர்கிட்ட காட்டினீங்களா? வலி எதனாலன்னு தெரியாம நான் செய்ய மாட்டேங்க."

ஆரோக்கியசாமி விழித்தார். நான் முந்திக்கொண்டேன்.

"எல்லாம் காட்டியாச்சுங்க. ஒண்ணும் இல்லன்னுட்டாங்க."

பொய். இன்னொரு நாள் அலைய வேண்டுமே என்ற சோம்பலில் சொன்ன பொய்.

மூன்றாவது தடவைக்குப் பிறகு வலி சுத்தமாக இல்லை. "ஆண்டவருதான் உங்கள அனுப்பிச்சாரு சார்" என்றார் ஆரோக்கியசாமி. நான் பூரித்துப்போனேன்.

ஏழெட்டு மாதம் போனது. கரும்பலகையில் பாதி எழுத்து மறைகிறது என்றார். கண் டாக்டரிடம் ஓடினோம். கண்ணில் அழுத்தம் ஏறி, இடது கண் நரம்பு கெட்டுவிட்டதாம். வலது கண்ணைச் சொட்டு மருந்தால் காப்பாற்றலாம். இடது கண்ணில் போன பார்வை போனதுதான்.

"முன்னாடி வலி எதுவும் இல்லையா?" என்று கேட்டார் டாக்டர்.

"இருந்திச்சு சார். போக்கிக்கினேன்" என்றார் ஆரோக்கியசாமி.

நான் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஹிப்னாடிசத்தை நான் குறை சொல்ல மாட்டேன். என் பயத்தை விரட்டியது அதுதான். ஆனால் வலியை மறக்கடித்தால் நோய் மறந்துவிடுமா? அது பாட்டுக்குத் தன் வேலையைப் பார்த்துக்கொண்டிருக்கும்...

பஸ் ஸ்டாண்டில், இத்தனை வருஷம் கழித்து, தயங்கித் தயங்கி ஆரம்பித்தேன். "அன்னைக்கு நான் பொய் சொல்லாம இருந்திருந்தா..."

"நானுந்தான வாயத் தொறக்கல? வுடுங்க சார். வூட்டுக்கு வாங்க, சாப்ட்டுப் போலாம்" என்று என் கையைப் பிடித்தார்.

அவர் அதை விட்டுவிட்டார். என்னால் முடியவில்லை.

இந்த வலியைப் போக்கிக்கொள்ள மட்டும் நான் யாரிடமும் போகப்போவதில்லை.