பிரே என்னும் பழைய வினைச்சொல்

அப்பாவை நினைத்தால் முகத்துக்கு முன்னால் அவருடைய வலது கைதான் எனக்கு ஞாபகம் வரும். சிவகாசிக்குப் பக்கத்தில் ஒரு பட்டாசுக் கம்பெனியில் அவர் போர்மேன். காலையில் கேட்டில் நின்றுகொண்டு உள்ளே நுழைகிற ஒவ்வோர் ஆணின் சட்டைப் பையையும், வேட்டி மடிப்பையும், இடுப்பையும் அந்தக் கை தடவிப் பார்க்கும். தீப்பெட்டி, பீடி, செல்போன் எதுவும் உள்ளே போகக் கூடாது. மாமன், மச்சான், முதலாளி வீட்டுக்காரர் என்ற பேச்சே கிடையாது. முதலாளியின் மருமகன் ஒருநாள் முறைத்தபோது, "நம்பிக்கை வேற, பாக்கெட்டு வேற மாப்பிள்ளை" என்று சொல்லிக்கொண்டே தடவினாராம். கடைசியில் தன் சட்டைப் பையையும் தானே ஒரு தட்டுத் தட்டிப் பார்த்துவிட்டுத்தான் உள்ளே போவார். அப்பாவுக்குச் சந்தேகம் என்பது கம்பெனி வாசலோடு முடிந்துபோகிற வேலை. எனக்கோ அது பிறவிக் குணம். கறிக்கடையில் தராசைப் பார்க்க மாட்டேன், கடைக்காரர் கட்டைவிரலைத்தான் பார்ப்பேன். யாராவது காரணமில்லாமல் நலம் விசாரித்தால், இவருக்கு என்ன வேண்டும் என்று மனசு உடனே கணக்குப் போட ஆரம்பித்துவிடும்.

பக்கத்து வீட்டில் சித்தப்பா இருந்தார். அப்பாவுக்கு ஒரே தம்பி. இரண்டு வீட்டுக்கும் ஒரே புறவாசல். வாசல் பக்கம் வேப்பமரத்துக்கும் எங்கள் வீட்டுச் சன்னல் கம்பிக்கும் இடையில் கட்டியிருந்த துணிக்கொடியும் இரண்டு வீட்டுக்கும் பொது. எங்கள் வீட்டில் குழம்பு தாளித்தால் சித்தப்பா வீட்டில் கேட்காமலே கிண்ணம் நீளும். அப்பாவைத் தவிர தெருவில் எல்லாரும் தீப்பெட்டி வேலைக்காரர்கள். சித்தப்பாவும் அப்படித்தான் இருந்தார். ஒரு தீபாவளி சீசனுக்கு முன்னால், யாரோ ஒரு புரோக்கர் பேச்சைக் கேட்டு, வீட்டிலேயே பட்டாசு செய்து கொடுக்க ஆர்டர் பிடித்தார். லைசென்ஸும் கிடையாது, ஒன்றும் கிடையாது. பின்பக்கத்து அறையில் அவர் வெடிமருந்து கலக்குவார், சித்தி உட்கார்ந்து காகிதக் குழாயில் அடைப்பாள். அவர்களுடைய கைக்குழந்தையின் தொட்டில் அதே அறையின் உத்தரத்தில் தொங்கியது.

நான் அப்போது மதுரையில் விடுதியில் தங்கிப் படித்துக்கொண்டிருந்தேன். சனிக்கிழமை ஊருக்கு வந்திருந்த அன்று நடந்த சண்டை காதிலேயே நிற்கிறது. அப்பா தெருவில் நின்று கத்தி நான் அதற்கு முன் கேட்டதில்லை. "ஏலே, கூறுகெட்டவனே! நான் கம்பெனியில கைக்காப்பு உரசிப் பொறி வந்துருமோன்னு அதையும் கழத்தச் சொல்றேன். நீ மருந்துக்கு மேல பிள்ளையத் தொங்கவிட்டுருக்க. வேணாம்லே, விட்ரு!" சித்தப்பா, "அடுத்தவன் அடுப்பு எரியிறது உங்களுக்குப் பொறுக்கலையாக்கும்" என்று கதவைச் சாத்திக்கொண்டார். அந்த வாரமே ஜீப் வந்தது. நான் மதுரைக்குத் திரும்பியிருந்தேன்; அதிகாரிகளும் போலீசும் இறங்கி நேராகச் சித்தப்பா வீட்டுக்குள் போனார்கள் என்று தெருவில் சொன்னார்கள். அறைக்குச் சீல் வைத்தார்கள். சித்தப்பாவை ஏற்றிக்கொண்டு போனார்கள்.

ஜாமீனில் வந்த அன்று சித்தப்பா குளிக்கக்கூட இல்லை. எங்கள் வாசலில் நின்று மண்ணை வாரித் தூற்றினார். "கூடப் பொறந்தவனே காட்டிக்கொடுத்துட்டான்! இருக்கன்குடி மாரியாத்தா பாத்துக்கிட்டுத்தான் இருக்கா!" தெருவே வேடிக்கை பார்த்தது. அப்பா வாசற்படியில் துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு நின்றார். இல்லை என்று ஒரு வார்த்தை சொல்லவில்லை. அடுத்த மாதம் புறவாசலின் நடுவே சித்தப்பா சுவர் எழுப்பினார்.

அந்த மௌனம்தான் என்னை அரித்தது. செய்யாதவன் ஏன் சும்மா இருக்க வேண்டும்? தெருக்காரர்கள் நினைத்ததையே நானும் நினைத்தேன். அப்பாதான் போன் போட்டிருக்க வேண்டும். அது சரியான காரியம் என்றுகூடத் தோன்றியது. ஆனாலும், சொந்தத் தம்பியைப் போலீசில் மாட்டிவிட்ட கை என்று நினைத்ததும் அந்தக் கையால் அவர் பரிமாறிய சோற்றைப் பாதியில் வைத்துவிட்டு எழுந்தேன். கேட்கவும் துணிச்சல் இல்லை. அப்பா காலமானபோது சித்தப்பா நீர்மாலை எடுக்க வரவில்லை. இறந்தவரைக் குளிப்பாட்ட நீர் கொண்டுவருவது பங்காளிகள் கடமை. எத்தனை பகை இருந்தாலும் அதற்கு மட்டும் வந்து நிற்பார்கள். சித்தப்பா சுவருக்கு அந்தப் பக்கமே உட்கார்ந்திருந்தார். காட்டிக்கொடுத்தவன் என்ற பேரோடேயே அப்பா சுடுகாட்டுக்குப் போனார். எனக்கு அன்று வந்த அழுகையில் பாதி கோபம்.

இப்போது விருதுநகரில் ஒரு கல்லூரியில் ஆங்கிலம் நடத்துகிறேன். இந்த வருடம் பாடத்தில் ஒரு பழைய உரைநடை. அதில் 'பிரே' (bewray) என்று ஒரு வினைச்சொல் வந்தது. எழுத்தில் நடுவே ஒரு டபிள்யூ உட்கார்ந்திருக்கும், வாயில் வராது. அப்படி ஒளிந்திருக்கிற எழுத்துகள்மேல் எனக்கு எப்போதும் ஒரு கண் உண்டு. இன்று இங்கிலாந்தில்கூட யாரும் பேச்சில் எடுக்காத சொல் அது. அகராதியைப் புரட்டினால், மறைந்திருப்பதை வெளிப்படுத்திவிடுதல், பெரும்பாலும் நினையாமல், என்று இருந்தது. 'பிட்ரே' என்ற சொல்லை எல்லாருக்கும் தெரியும். அது துரோகம், தெரிந்தே ஒருவரை எதிரியிடம் பிடித்துக் கொடுப்பது. 'பிரே' அப்படியில்லை. பொய் சொல்கிறவன் குரல் நடுங்கி அவனை வெளிப்படுத்தும். புகை, அடுப்பு எரிவதைச் சொல்லிவிடும். புகைக்கு யார்மேல் என்ன பகை? பழைய ஆங்கிலத்தில் இரண்டுக்கும் இரண்டு சொல் வைத்திருந்திருக்கிறார்கள். நாம் இரண்டையும் காட்டிக்கொடுப்பது என்றே சொல்கிறோம். துரோகியும் காட்டிக்கொடுக்கிறான், முகமும் காட்டிக்கொடுக்கிறது.

வகுப்பில் இதை விளக்கிவிட்டு, உங்கள் ஊரிலிருந்து ஒரு உதாரணம் சொல்லுங்கள் என்றேன். தாயில்பட்டிப் பக்கத்திலிருந்து வருகிற ஒரு பெண் எழுந்தாள். "சேலை, மிஸ்" என்றாள். சிரித்தார்கள். அவள் சிரிக்கவில்லை. "திருட்டுத்தனமா வீட்ல மருந்து வேலை பாக்குறவங்க சேலையை வெளியே காயப்போட மாட்டாங்க மிஸ். அலுமினியப் பவுடர் எத்தனை தடவை அலசினாலும் போகாது. வெயில் பட்டா மின்னும். ஆம்பளைச் சட்டை மின்னுனா கம்பெனி வேலைன்னு விட்ருவாங்க. பட்டாசுக் கம்பெனிக்குப் பொம்பளைங்களே போகாத தெருவுல சேலை மின்னுனா, ஜீப்பு நிக்கும்."

எங்கள் தெரு அப்படிப்பட்ட தெருதானே? ஒரு பெண்கூடப் பட்டாசுக் கம்பெனிக்குப் போகவில்லையே! அப்படியானால் அப்பா யாருக்கும் போன் போடவில்லை. கொடியில் கிடந்த ஒரு சேலை வெயிலில் மின்னியிருக்கிறது, அவ்வளவுதான். அந்தச் சனிக்கிழமையே பஸ் ஏறினேன். வீட்டுக்குக்கூடப் போகவில்லை. நேராகச் சித்தப்பா வீட்டுப் படி ஏறினேன். சித்தப்பா வெளியே போயிருந்தார். சித்தி மட்டும் இருந்தாள். அன்று தொட்டிலில் கிடந்த பிள்ளை இப்போது பிளஸ் டூ படிக்கிறாள். அவள்தான் எனக்குத் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள்.

சேலையைப் பற்றிக் கேட்டதும் சித்தி என்னை ஏற இறங்கப் பார்த்தாள். "ஆமா பாப்பா. ரோந்து ஜீப்புதான். கொடியில என் சேலையைப் பாத்து எடுக்க ஓடுனேன், அதுக்குள்ள அந்த ஆபீசரு கம்பால அதைத் தூக்கிப் பாத்துட்டு, எந்தக் கம்பெனிக்கும்மா போறன்னு கேட்டாரு. நான் சேலையைப் பிடிச்சு இழுத்தேன், நேரா வீட்டுக்குள்ள வந்துட்டாரு" என்றாள். நான் வெற்றி பெற்றவளைப் போல, "அப்ப எங்க அப்பா என்ன செஞ்சாக? நீங்க வெளியே காயப்போட்டதுக்கு அவுகளா பொறுப்பு?" என்றேன். சித்தி குரலைத் தாழ்த்தினாள். "நானா வெளியே போடுவேன்? கிறுக்கியா நான்? அறைக்குள்ள கயித்துலதான் போட்டிருந்தேன். யாரோ எடுத்துட்டுப் போயி வாசக்கொடியில விரிச்சுப் போட்டிருக்காக. அது அண்ணன்தான்னு உங்க சித்தப்பா சொல்றாக."

என் சந்தேகம் மறுபடி தலைதூக்கியது. ஆனால் இந்த முறை அது அப்பா பக்கம் போகவில்லை. எங்கள் பக்கத்தில் தம்பி மனைவியின் துணியை அண்ணன் கையால் தொடமாட்டார். வழியில் விழுந்து கிடந்தால்கூடத் தாண்டாமல் ஒதுங்கித்தான் போவார். சித்தி வருகிறாள் என்றால் அப்பா இருமிவிட்டு எழுந்து வெளியே போய்விடுவார். அவர் போய் அவள் சேலையை எடுத்து, உதறி, தெருப்பக்கம் விரித்துப் போடுவாரா? "சித்தி, உங்க சேலையை எங்க அப்பா தொட்டிருப்பாகளா?" என்றேன். சித்தி மகளை உள்ளே போகச் சொன்னாள். பிறகு, "அது எனக்கு அன்னிக்கே தோணுச்சு. வாயத் தொறக்கல. தொறந்தா பேச்சு தொட்டிலுக்கு வரும், அதை ஏண்டி அங்கன கட்டுனன்னு என்னையக் கேப்பாகள்ல? போ, உங்க அம்மாட்டயே கேளு" என்றாள்.

அம்மா கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். கேட்டேன். மறைக்கவே இல்லை. "நான்தான் போட்டேன்" என்றாள். "உங்கப்பா சொல்லிப் பாத்தாக, கேக்கல. தெருவுல நின்னு கத்திப் பாத்தாக, கேக்கல. அன்னிக்கு அந்த வீட்டுக்குள்ள போறேன், பிள்ளை தொட்டில்ல சிரிக்குது, அதுக்கு நேரா கீழ மருந்து. கயித்துல சேலை கெடந்துச்சு. எடுத்துட்டு வந்து வெயில்ல விரிச்சேன்." அப்பாவுக்குத் தெரியுமா என்று கேட்டேன். "வேலைக்குக் கிளம்பி வெளிய வந்தாக. கொடியப் பாத்தாக. என்னையப் பாத்தாக. சேலையை அப்படியே விட்டுட்டு கம்பெனிக்குப் போயிட்டாக."

பழைய ஆங்கிலத்தின் இரண்டு சொற்களையும் வைத்துக்கொண்டு நான் திகைத்துப் போனேன். சேலை ஒன்றைச் செய்தது, அம்மா மற்றதைச் செய்தாள். அப்பா இரண்டில் எதையும் செய்யவில்லை. ஆனால் அப்பா பேரைக் காப்பாற்ற வேண்டுமென்றால் அம்மா பேரைக் கொடுக்க வேண்டும். நான் இதை யோசித்துக்கொண்டிருக்கும்போதே அம்மா கீரையைத் தள்ளி வைத்துவிட்டு எழுந்தாள். கையைத் துடைத்துக்கொண்டு தெருவில் இறங்கினாள். சுவர் எழுப்பிய நாளிலிருந்து மிதிக்காத படியில் ஏறினாள். சித்தப்பா அப்போதுதான் வந்து சைக்கிளை நிறுத்திக்கொண்டிருந்தார்.

"கொழுந்தனாரே, அன்னிக்குச் சேலையை எடுத்து வெளிய போட்டது நான். உங்க அண்ணன் இல்ல" என்றாள் அம்மா. சித்தப்பாவின் கை சைக்கிள் பாரிலேயே நின்றுவிட்டது. அவர் கத்துவார் என்று நினைத்து நான் அம்மாவுக்கு முன்னால் போய் நின்றேன். அவர் கத்தவில்லை. கதவோரத்தில் நின்ற சித்தியையும் மகளையும் பார்த்தார். "இத அண்ணன் இருக்கும்போதே சொல்லியிருக்கலாம்ல மதினி?" என்றார்.

"சொல்லக் கூடாதுன்னு சத்தியம் வாங்கிட்டாக. அவன் என்னையத் திட்டுனா பொறுத்துக்கிருவேன், உன்னையத் திட்டுனா அவனைக் கைநீட்டி அடிச்சிருவேன், அதனால வாயத் தொறக்காதன்னாக."

சித்தப்பா சைக்கிளை விட்டுவிட்டு வாசலிலேயே உட்கார்ந்தார். தலையில் இரண்டு கையையும் வைத்துக்கொண்டார்.

"அடிச்சிருக்கலாமே மதினி" என்றார். "அண்ணன் என்னைய அடிச்சிருந்தா மறுநாளே பேசியிருப்போமே."