ஆரணியின் பெயரைச் சொன்ன எங்கள் அக்கா

அக்கா இல்லாமல் ஓராண்டு போய்விட்டது. கனடாவில், எங்கள் அஜின்கோர்ட் வீட்டில் அவருடைய அறைக் கதவை இன்னும் நான் தட்டிவிட்டே திறக்கிறேன்.

வட்டக்கச்சியில் நெல் விதைக்கும் குடும்பத்தில் மூத்தவராகப் பிறந்தார் அக்கா. இளவயதிலேயே கணவரைக் காய்ச்சலில் பறிகொடுத்தார். அதன்பின் ஒரே மகள் ஆரணிதான் அவருக்கு எல்லாம். யுத்தத்தின் இறுதி நாட்களில் இருவரும் முள்ளிவாய்க்கால் வரை இடம்பெயர்ந்தார்கள். அங்கே விழுந்த ஷெல்லில் ஏழு வயது ஆரணி தாயின் மடியிலேயே உயிர்விட்டாள். மூட்டையிலிருந்த சேலையொன்றால் பிள்ளையை மூடினார் அக்கா. சனம் ஓடத் தொடங்கியது. யாரோ அவரைக் கையில் பிடித்து இழுத்துப் போனார்கள். பிள்ளை வீதியோரத்திலேயே கிடந்தாள்.

கனடா வந்தபின் அக்கா இதைப் பற்றிப் பேசவேயில்லை. கேட்க எங்களுக்கும் தைரியம் வரவில்லை.

முதியோர் இல்லமொன்றில் அவருக்கு வேலை கிடைத்தது. அங்கே அவர் பராமரித்தவர்களில் ஒருவர், ஹிட்லரின் வதைமுகாமிலிருந்து சிறுமியாகத் தப்பிய யூதப் பெண்மணி. முகாமில் தம்பியை இழந்த கதையை ஓர் ஆவணப்படத்தில் சொல்லியிருந்தார். ஒருநாள் அக்காவைப் பக்கத்தில் இருத்தி அந்தப் படத்தைக் காட்டினாராம். அன்று வீடு திரும்பிய அக்கா சப்பாத்தைக்கூடக் கழற்றாமல் படியில் இருந்துவிட்டார்.

"தம்பி, அந்த மனிசி இந்த வயசிலயும் தம்பியின்ர பேரைச் சொல்லி அழுகுது. ஏன் படத்தில சொன்னனீங்கள் எண்டு கேட்டன். நான் செத்தா அவன் இருந்ததே ஆருக்கும் தெரியாமப் போயிடும் எண்டுது."

பிறகு, "நானும் சொல்லப்போறன்" என்றார்.

யுத்தத்தில் தப்பியவர்களைப் படமெடுத்துக்கொண்டிருந்த நம் இளையோர் சிலர் வீட்டுக்கு வந்தார்கள். ஆரணியின் பெயரைச் சொன்னதுமே அக்கா பேச்சை நிறுத்தி முகத்தைத் திருப்பிக்கொண்டார். கமராவை நிறுத்தப் போன பெண்ணிடம், "நிப்பாட்டாதேங்கோ பிள்ளை. நிப்பாட்டினா திரும்பச் சொல்ல என்னால ஏலாது" என்றார். முழுவதையும் சொன்னார். "என்ர பிள்ளைக்கு ஒரு பிடி மண்கூடப் போடேல்ல" என்று முடித்தார்.

ஸ்காபரோ மண்டபமொன்றில் படம் காட்டப்பட்டது. முடிந்ததும் பக்கத்து நகரான ஸ்ரௌவ்வில்லில் இருந்து வந்த ஒருவர் மனைவியோடு அக்காவிடம் வந்தார்.

"அக்கா, ஊதாச் சேலையோ?"

அக்கா அவரை நிமிர்ந்து பார்த்தார். படத்தில் அக்கா சேலையின் நிறத்தைச் சொல்லியிருக்கவில்லை.

"ஓம்."

"அடுத்த நாள் நாங்கள் அந்தப் பக்கத்தால வந்தனாங்கள். மனிசியும் நானும் கிடங்கு வெட்டிப் பிள்ளையைத் தாட்டு மண் போட்டனாங்கள். அந்தச் சேலையோடதான்."

அக்கா ஒன்றே ஒன்றுதான் கேட்டார். "ஆழமா வெட்டினனீங்களோ தம்பி?"

"ஓம் அக்கா. நல்ல ஆழமா."

அந்தக் கைகளைப் பிடித்துத் தன் முகத்தில் வைத்துக்கொண்டு அக்கா அழுதார். அத்தனை ஆண்டுகளில் அவர் வாய்விட்டு அழுததை அன்றுதான் கண்டேன்.

அதன்பின் அக்காவுக்கு அதிக காலம் இருக்கவில்லை. புற்றுநோய் அவரைப் படுக்கையில் போட்டது. வலி கூடியபோதெல்லாம் மகளின் பெயரையே சொன்னார்.

அக்காவைத் தூக்கி இருத்தித் தண்ணீர் பருக்கிய தாதியருக்கும், எங்கள் வீட்டில் உலை வைக்காத நாட்களில் சோறு கொண்டுவந்த அயலவருக்கும், அவரைப் பேசவைத்த பிள்ளைகளுக்கும் எங்கள் நன்றி. ஸ்ரௌவ்வில் தம்பதியருக்கு எப்படி நன்றி சொல்வதென்று தெரியவில்லை. அக்காவின் சவப்பெட்டியை எங்களோடு அந்தக் கணவரும் தோளில் சுமந்தார். அவர் மனைவி தலைமாட்டில் நின்று பூப்போட்டார். மகளையும் தாயையும் வழியனுப்பியவர்கள் இந்த உலகத்தில் அவர்கள் இருவர் மட்டுமே.