சேவியின் ‘பேக்கு’

போன ஞாயிற்றுக்கிழமை பெங்களூர் இந்திராநகரில் ஒரு ஏசி ஹாலுக்குப் போய் பி.பி.யை ஏற்றிக்கொண்டு வந்தேன்.

நம்ம ‘டேங்கர்’ சேவிக்கு நினைவுக் கூட்டம். ஜீவனஹள்ளிக்காரன். பிழைப்புக்குப் பீன்யாவில் லேத் பட்டறை, மற்ற நேரமெல்லாம் ராப். தண்ணீர் லாரிக்குக் காத்து நின்ற வரிசையில், கையிலிருந்த பிளாஸ்டிக் குடத்தைத் தட்டித் தட்டியே பாடக் கற்றவன். தமிழ், கன்னடம், தக்னி உருது... எது வாயில் வருகிறதோ அது பாட்டு. போன வருஷம் மஞ்சள் காமாலையில் போய்விட்டான். எந்தத் தண்ணீரைத் திட்டிப் பாடினானோ, அதைக் குடித்துத்தான் செத்தான்.

உள்ளே நுழைந்தால் சுவர் முழுக்க அவன் முகம். கீழே அவனுடைய பிரபல வரி – ‘நமக்கும் பேக்கு’. அதற்கும் கீழே இங்கிலீஷில் அர்த்தம். என்ன போட்டிருந்தார்கள் தெரியுமா? ‘நாங்களும் முட்டாள்கள்’.

எனக்கு எங்கே எரிந்தது என்று சொல்ல முடியாது.

சென்னைத் தமிழில் பேக்கு என்றால் முட்டாள்தான். ஒப்புக்கொள்கிறேன். ஆனால் சேவி பாடியது கன்னடப் பேக்கு. ‘வேண்டும்’ என்று அர்த்தம். எங்களுக்கும் தண்ணீர் வேண்டும், எங்களுக்கும் மரியாதை வேண்டும். ‘நமக்கும் முட்டாள்’ என்று எந்த ஊரிலாவது பேசுவார்களா? ஜீவனஹள்ளியில் யாரைக் கேட்டிருந்தாலும் சொல்லியிருப்பார்கள். கேட்டால்தானே...

அந்த ஒரு வரியைக் கத்தித்தான் பீன்யாவில் ஒரு பட்டறைப் பெண்கள் கக்கூஸுக்குக் கதவு போட வைத்தார்கள். தமிழ், கன்னடம், தெலுங்கு – எல்லாப் பெண்களும் ஒரே குரலில். ஒரு பாட்டுக்காரன் விட்டுப்போக இதைவிட என்ன சொத்து வேண்டும்?

சேவியின் தங்கை ரோஸி நேராக அமைப்பாளரிடம் போனாள். சென்னையிலிருந்து வந்திருந்த இளைஞர்.

“சார், எங்கண்ணன் சொன்னது கன்னடா பேக்கு. வேணும்னு கேட்டுச்சு சார் அது. நீங்க இன்னாடான்னா அத்த முட்டாளாக்கி வெச்சிருக்கீங்க. அத்த மொதல்ல எடுங்க.”

“மேடம், இதுலயும் ஒரு டெப்த் இருக்கு. ஆர்ட்டுக்கு ஒரே மீனிங்தான் இருக்கணுமா?”

செத்தவன் எழுந்து வந்தா மறுக்கப்போகிறான் என்ற தைரியம். வேறென்ன?

ரோஸி கையை நீட்டினாள். “மைக் பேக்கு.”

“மைக் நல்லாத்தானே இருக்கு?” என்றார் அவர்.

அவளே அதைப் பிடுங்கிக்கொண்டாள். “நமக்கும்...” என்றாள். குரல் உடைந்தது. பின்வரிசையில் நின்றிருந்த ஜீவனஹள்ளி மொத்தமும் “பேக்கு” என்றது. அவள் சுவரைக் காட்டிக் காட்டிக் கேட்டாள். தண்ணி? பேக்கு. மரியாதை? பேக்கு. எங்கண்ணன் சொன்ன சொல்லு? பேக்கு, பேக்கு.

எனக்குக் கண் கலங்கிவிட்டது. அமைப்பாளரோ சந்தோஷம் தாங்காமல், சுவரில் இருந்த அந்த இங்கிலீஷும் சேர்ந்து விழும்படி செல்போனில் வீடியோ எடுத்துக்கொண்டிருந்தார்.

பேக்கு. – இதை மட்டும் சென்னைத் தமிழிலேயே படித்துக்கொள்ளுங்கள்.